நடுகல், கல்வெட்டு, தாழி கண்டால் என்ன செய்வது: முதல் நாள் முதல் பதில் கடிதம் வரை

அரூர், ஊத்தங்கரை, செங்கம் பக்கம் வேடியப்பன் என்று பொங்கல் வைத்துக் கும்பிடும் கற்களில் பல நடுகற்கள். மாடு மீட்கப் போய் இறந்தவனுக்கும் புலியோடு மல்லுக்கட்டி இறந்தவனுக்கும் ஊரார் எடுத்தவை. சிலவற்றுக்கு வயது 1,400 ஆண்டைத் தொடும். எல்லாம் எப்போதோ கணக்கில் ஏறிவிட்டன என்று நினைத்துவிடாதீர்கள். ஏரிக்கரையில் துணி துவைக்கும் கல்லாகவும், வரப்போரம் குப்புறக் கிடக்கும் பலகைக்கல்லாகவும், வேலிமுள் மூடிய கல்லாகவும் பதிவாகாதவை இன்னும் கிடக்கின்றன. சாலை அகலமாகும்போதும் காடு திருத்தும்போதும் இவை ஒரே நாளில் காணாமல் போகின்றன.

எங்கள் ஊர் ஓடையோரம் எழுத்துள்ள கல் ஒன்று இருப்பதை முறைப்படி தெரிவிக்க நான் பட்ட அலைச்சல் கொஞ்சமல்ல. ஓர் அலுவலகத்தில் இன்னோர் அலுவலகத்தைக் கைகாட்டினார்கள். அங்கே போனால் “எழுதிக் கொடுங்க” என்றார்கள். என்ன எழுதுவது, எதை இணைப்பது என்று யாரும் சொல்லவில்லை. அந்த வழியைத்தான் இங்கே வரிசையாக எழுதுகிறேன். தமிழ்நாட்டின் எந்த மாவட்டத்துக்கும் இது பொருந்தும்.

1. முதல் நாள்: எதையும் அசைக்காதீர்கள்

கிணறு வெட்டும்போது தாழி ஒன்று, அதாவது பழங்காலத்தில் இறந்தவரைப் புதைத்த பெரிய பானை, பிளந்து வாய் தெரிகிறது என்று வையுங்கள். உள்ளே கையை விட்டுப் பார்க்கத்தான் மனசு துடிக்கும். வேண்டாம். உள்ளே எலும்பு எந்தப் பக்கம், கிண்ணம் எந்தப் பக்கம், இரும்புக் கத்தி எந்த ஆழத்தில் என்ற அந்த இருப்புதான் ஆய்வாளருக்கு வேண்டிய செய்தி. எடுத்துத் திண்ணையில் வைத்துவிட்டால் அது எங்கிருந்தோ வந்த ஒரு பானை, அவ்வளவுதான். எலும்பைத் தொட்டால் நம் கையின் மரபணுவும் அதில் ஒட்டிக்கொள்ளும். பிறகு மரபணு ஆய்வுக்கு அது சரியாக உதவாது.

பொக்லைன் ஓடிக்கொண்டிருந்தால் ஓட்டுநரிடம் வாதம் பண்ணாதீர்கள். மணிக்கணக்கில் வாடகை ஓடும், அவர் நிறுத்த மாட்டார். நிலக்காரரிடம் சொல்லி வேலையை வயலின் மறுகோடிக்கு மாற்றச் சொல்லுங்கள். பிளந்த தாழியின் மேல் அதே மண்ணைத் தளர்வாகப் போட்டு, தென்னங்கீற்றால் மூடி, நாலு மூலையிலும் குச்சி நடுங்கள். பிளாஸ்டிக் தாளை ஒட்டிப் போட்டால் ஈரம் உள்ளேயே தங்கிப் பானை இளகிவிடும்.

நீங்களாகத் தோண்டிப் பார்ப்பது எந்த நிலையிலும் கூடாது. மாநிலத் தொல்லியல் துறையே ஒவ்வொரு பருவத்திலும் மத்தியத் தொல்லியல் ஆலோசனை வாரியத்தின் அனுமதி வாங்கித்தான் அகழாய்வில் இறங்குகிறது. உங்கள் வேலை மேலே தெரிவதைப் பதிவதோடு நிற்கிறது.

2. நிலக்காரரையும் கும்பிடுகிறவர்களையும் முதலில் பாருங்கள்

பாதி முயற்சிகள் இங்கேதான் முறிகின்றன. “வெளியே சொன்னா நிலத்தை கவர்மெண்டு எடுத்துக்கும்” என்ற பயம் எல்லா ஊரிலும் உண்டு. ராத்திரியோடு ராத்திரியாகக் கல்லைப் புரட்டிக் கிணற்றில் தள்ளுவதும், தாழியை உடைத்து மூடுவதும் இந்தப் பயத்தால்தான்.

அவர்களிடம் நிதானமாகச் சொல்ல வேண்டியது இது. தகவல் கொடுப்பதால் பட்டா மாறாது. ஓர் இடத்தைப் பாதுகாக்கப்பட்ட சின்னமாக அறிவிக்க அரசு நினைத்தால், 1958ஆம் ஆண்டு மத்தியச் சட்டப்படி முதலில் அரசிதழில் அறிவிக்க வேண்டும், ஆட்சேபம் சொல்ல 2 மாத அவகாசம் தர வேண்டும். சுற்றிலும் 100 மீட்டர் கட்டடத் தடையும், அதற்கப்பால் 200 மீட்டர் கட்டுப்பாடும் அப்படி மத்திய அரசு அறிவித்த சின்னங்களுக்கு உரியவை. வயலோரத்துக் கல்லைப் பற்றி மனுக் கொடுத்த மறுநாளே அது எதுவும் வந்துவிடாது.

கும்பிடுகிற கல் என்றால் பங்காளிகளில் மூத்தவரையும் பூசாரியையும் பார்த்து அனுமதி கேளுங்கள். அவர்கள் உடனிருக்கும்போதே படம் எடுங்கள். கல்லின் மேல் எண்ணெயும் குங்குமமும் கட்டியாக ஏறியிருந்தாலும் நீங்களாகச் சுரண்டக் கூடாது. அடுத்த பூசைக்கு முன்னால் கல்லைக் கழுவுவார்களா என்று கேளுங்கள். பெரும்பாலும் அவர்களே நாள் சொல்வார்கள், அன்றைக்குப் போனால் எழுத்து தெளிவாகத் தெரியும்.

காப்புக்காட்டுக்குள் இருந்தால் மாவட்ட வன அலுவலரின் அனுமதி இல்லாமல் உள்ளே போகாதீர்கள், அது குற்றம். அறநிலையத் துறைக் கோயில் என்றால் செயல் அலுவலரிடம் எழுத்தில் கேளுங்கள்.

3. என்ன பார்த்தீர்கள் என்பதைச் சரியாகச் சொல்லுங்கள்

பெயர் தவறினால் மனுவும் தவறான மேசைக்குப் போகும். வில், வாள், கேடயம், மாடு, புலி ஆகியவற்றில் ஏதேனும் செதுக்கிய பலகைக்கல் நடுகல்லாக இருக்கலாம். தரையில் வட்டமாகப் பதித்த உருண்டைப் பாறைகள் கல்வட்டம். நாலு பலகைக்கல் நிறுத்தி மேலே ஒன்று மூடிய அமைப்பை ஊரில் பாண்டவர் வீடு, குள்ளர் வீடு, வாலியர் வீடு என்பார்கள். அது கல்திட்டை. மண்ணுக்குள் புதைந்திருந்தால் கல்லறை என்றோ பதுக்கை என்றோ அவசரப்பட்டு எழுதாமல், “புதைந்த பலகைக்கல் அமைப்பு” என்றே எழுதுங்கள்.

நத்தமேடு, பழைய ஊர், ஓட்டாங்காடு என்ற மாதிரி பெயர் வழங்கும் மேடுகளில் மழைக்குப் பின் ஒருமுறை நடந்து பாருங்கள். உள்ளே கருப்பும் வெளியே சிவப்புமான பானை ஓடு, தேய்த்து வட்டமாக்கிய சில்லு, ஓட்டையிட்ட மணி, கனமான இரும்புக் கிட்டம் (இரும்பு உருக்கிய கழிவு) எல்லாம் மேலேயே கிடக்கும். ஓட்டின் தோள்பகுதியில் கீறல் குறி இருக்கிறதா என்று திருப்பிப் பாருங்கள். பார்த்த இடத்திலேயே படம் எடுத்துவிட்டு, அங்கேயே வைத்துவிடுங்கள்.

எழுத்து புரியவில்லை என்றால் உடனே பிராமி என்றோ தெலுங்கு என்றோ முடிவு கட்ட வேண்டாம். எங்கள் பக்கத்து நடுகற்களில் பழையவை பெரும்பாலும் வட்டெழுத்து என்னும் பழைய தமிழ் எழுத்து வகையில் இருக்கின்றன. மனுவில் காலத்தை ஊகித்து எழுதுவது பெரிய பொறி. “3,000 ஆண்டு பழமையான” என்று நீங்கள் எழுதிவிட்டால், படிக்கும் அலுவலருக்கு மற்ற வரிகளின் மேலும் நம்பிக்கை போய்விடும். கண்டதை மட்டும் எழுதுங்கள்.

4. படம், அளவு, இடம்: உங்கள் மனுவின் உயிர் இதுதான்

இந்தப் படிக்கு அரை நாள் ஒதுக்குங்கள். தேவையானவை: கைபேசி, டேப், 30 செ.மீ. அளவுகோல், மென்மையான தேங்காய்நார்த் தூரிகை, டார்ச், நோட்டு.

ஒளி எல்லாவற்றிலும் முக்கியம். உச்சி வெயிலில் எடுத்தால் எழுத்து கல்லோடு கல்லாக மறைந்துவிடும். காலை 7 மணிக்குள்ளும் மாலை 5 மணிக்குப் பிறகும் வெயில் சாய்ந்து விழும்போது ஒவ்வோர் எழுத்தின் பள்ளத்திலும் நிழல் நிற்கும். கல்லின் முகம் வடக்குப் பார்த்திருந்தால் இருட்டிய பிறகு போங்கள். ஒருவர் டார்ச்சைக் கல்லின் பக்கவாட்டில் ஒட்டிப் பிடிக்க, இன்னொருவர் நேர் எதிரே நின்று எடுக்க வேண்டும். வெளிச்சத்தை இடமிருந்தும், வலமிருந்தும், மேலிருந்தும் பிடித்துத் தனித்தனிப் படங்கள் எடுங்கள். ஒரு படத்தில் தெரியாத கோடு இன்னொன்றில் தெரியும்.

எடுக்க வேண்டிய படங்கள்: தூரத்திலிருந்து சுற்றுப்புறத்தோடு, முழுக்கல், நாலு பக்கமும், பிறகு எழுத்துள்ள பகுதியை வரி வரியாக. ஒவ்வொன்றிலும் அளவுகோல் தெரிய வேண்டும். உருவத்தைச் சுற்றியுள்ள மூலை முடுக்கையும் விடாதீர்கள். எடுத்தனூர் நடுகல்லில் எருமைகளைக் காத்து இறந்த கருந்தேவகத்தியைப் பற்றிய வரிகள் ஒருபுறம் இருக்க, கள்ளனைக் கடித்த கோவிவன் என்னும் நாயைப் பற்றித் தனியாக வெட்டியிருக்கிறார்கள். நடுவில் நிற்கும் வீரனை மட்டும் படம் எடுத்திருந்தால் அந்த நாயின் பெயர் நமக்குக் கிடைத்திருக்குமா?

செய்யக் கூடாதவற்றைக் கொஞ்சம் அழுத்திச் சொல்கிறேன். சாக்பீஸால் எழுத்தின் மேல் வரையாதீர்கள். நாம் நினைத்த எழுத்தை நாமே வரைந்து வைத்தது போலாகிவிடும். பெயின்ட் அடிப்பதும், மைதா, சுண்ணாம்பு பூசுவதும், கம்பித் தூரிகையால் தேய்ப்பதும், ஆசிட் ஊற்றுவதும் கல்லைக் கெடுக்கும். கருங்கல் என்றால் வெறும் தண்ணீரும் மென்மையான தூரிகையும் போதும். பாறை ஓவியத்தின் மேல் மட்டும் ஒரு சொட்டுத் தண்ணீர்கூடத் தெளிக்கக் கூடாது, எவ்வளவு மங்கியிருந்தாலும். மைப்படி எடுப்பதைப் பயிற்சி பெற்றவர்களுக்கு விட்டுவிடுங்கள். ஈரத் தாளைக் கல்லில் ஒட்டி, அடித்துப் பதிய வைத்து, மை ஒற்றி எடுக்கும் வேலை அது. பழகாத கையால் செய்தால் மை கல்லிலேயே தங்கிவிடும்.

பிறகு அளவுகள்: உயரம், அகலம், கனம், தரைக்கு மேலே தெரியும் உயரம், எத்தனை வரி, கல் எந்தத் திசை பார்க்கிறது. கைபேசி வரைபடத்தில் அந்த இடத்தைத் தொட்டு அழுத்தினால் அட்சரேகை, தீர்க்கரேகை எண்கள் வரும். இரண்டையும் முழுதாகக் குறித்துக்கொள்ளுங்கள். ஊர்க்காரர்கள் அந்த இடத்துக்கு என்ன பெயர் சொல்கிறார்கள், கல்லைப் பற்றி என்ன கதை சொல்கிறார்கள் என்பதையும் அவர்கள் சொன்ன சொல்லிலேயே எழுதி வையுங்கள்.

அந்த எண்களை முகநூலிலும் வாட்ஸ்அப் குழுவிலும் போடவே போடாதீர்கள். நடுகல்லுக்கு அடியில், கல்திட்டைக்கு அடியில் புதையல் என்று கிளம்பும் கும்பல்கள் உண்டு. பலகையைப் புரட்டிப் போட்ட கல்திட்டைகளை நீங்களே பார்த்திருப்பீர்கள். படத்தை நண்பர்களுக்கு அனுப்பும்போதும் இருப்பிட விவரத்தை நீக்கிவிட்டு அனுப்புங்கள்.

காலம்: கார்த்திகை, மார்கழியில் புதர் ஆளுயரம் இருக்கும், பாம்பும் இருக்கும். மாசி, பங்குனியில் புல் காய்ந்த பிறகு கல் தேட வசதி. பானை ஓட்டுக்கு மட்டும் மழை விட்டதும், உழவுக்கு முன் போக வேண்டும். கோடையில் வண்டல் எடுக்க ஏரிகளில் அனுமதி கொடுக்கும் நாட்களில் அடிக்கடி ஏரிப் பக்கம் ஒரு நடை போங்கள்.

5. நில ஆவணம்

புல எண் (சர்வே எண்) இல்லாத மனு அலுவலகம் அலுவலகமாகச் சுற்றும். தமிழ்நாடு அரசின் ‘எங்கிருந்தும் எந்நேரமும்’ நிலச் சேவை இணையதளத்தில் அ-பதிவேட்டு (நில வகை குறித்த கிராமப் பதிவேடு) விவரம், புல வரைபடம் இரண்டையும் கட்டணமில்லாமல் பார்க்கலாம். புல எண்ணும் உட்பிரிவும் தெரியவில்லை என்றால் கிராம நிர்வாக அலுவலரிடம் கேளுங்கள். புல வரைபடத்தை அச்செடுத்து, கல் இருக்கும் இடத்தில் சிவப்புப் புள்ளி வையுங்கள்.

அ-பதிவேட்டில் பட்டாவா புறம்போக்கா என்று பார்ப்பது அவசியம். ஏரி, வண்டிப்பாதை, மேய்க்கால், நத்தம் என்று வகை போட்டிருக்கும். மனுவின் நகல் எந்தத் துறைக்குப் போக வேண்டும் என்பதை அதுதான் தீர்மானிக்கும். நெடுஞ்சாலை ஓரம் என்றால் நெடுஞ்சாலைத் துறைக்கும், பெரிய ஏரி என்றால் நீர்வளத் துறைக்கும், சிறிய ஏரி என்றால் ஊராட்சி ஒன்றியத்துக்கும் ஒரு நகல்.

6. முன்பே பதிவாகியிருக்கிறதா?

இதை விட்டுவிட்டுப் ‘புதிய கண்டுபிடிப்பு’ என்று எழுதுகிறவர்கள் நிறைய. செங்கம் நடுகற்களைத் தொல்லியல் துறை 1972இலேயே தொகுத்து வெளியிட்டுவிட்டது. தருமபுரிக் கல்வெட்டுகளுக்கும் தொகுதிகள் உண்டு. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் இவற்றில் பல இலவசமாகக் கிடைக்கின்றன. உங்கள் ஊர்ப் பெயரையும் பக்கத்து ஊர்ப் பெயர்களையும் தேடுங்கள். பழைய தொகுதிகளில் வட்டத்தின் பெயர் வேறாக இருக்கும், மாவட்டமும் மாறியிருக்கும். துறையின் ‘கல்வெட்டு’ இதழையும், தமிழகத் தொல்லியல் கழகத்தின் ‘ஆவணம்’ இதழையும் மாவட்ட மைய நூலகத்தில் கேட்டுப் பாருங்கள்.

பதிவாகியிருந்தால் ஏமாற்றம் வேண்டாம். கல் இன்றைக்கு எந்த நிலையில் இருக்கிறது, உடைந்ததா, இடம் மாறியதா என்ற விவரம் துறைக்கு மிகவும் வேண்டியது. தொகுதியின் எண்ணைக் குறிப்பிட்டு அப்படியே எழுதுங்கள்.

7. மனு: யாருக்கு, எப்படி

தொல்லியல் துறை வேறு, அருங்காட்சியகங்கள் துறை வேறு. இரண்டும் ஒன்று என்று நினைத்து மாவட்ட அருங்காட்சியகத்தில் மட்டும் சொல்லிவிட்டு வருவது வழக்கமான பொறி. முதல் மனு உங்கள் பகுதிக்கான தொல்லியல் அலுவலருக்கு. சில இடங்களில் ஓர் அலுவலர் ஒன்றுக்கு மேற்பட்ட மாவட்டங்களைப் பார்ப்பார், அலுவலகம் பக்கத்து மாவட்டத்தில் இருக்கலாம். நகல்கள்: எழும்பூர் தமிழ் வளர்ச்சி வளாகத்தில் உள்ள துறைத் தலைமையகம், மாவட்ட ஆட்சியர், வட்டாட்சியர்.

மனு ஒரு பக்கத்தைத் தாண்டக் கூடாது. இப்படி எழுதலாம்:

“பொருள்: ___ வட்டம், ___ கிராமம், புல எண் ___இல் எழுத்துள்ள நடுகல் இருப்பதைத் தெரிவித்தல் தொடர்பாக. மேற்படி இடத்தில் ___ செ.மீ. உயரமும் ___ செ.மீ. அகலமும் உள்ள பலகைக்கல் ஒன்று ___ திசை நோக்கி நிற்கிறது. வில்லேந்திய உருவமும், அதன் மேல் ___ வரி எழுத்தும் தெரிகின்றன. ___ தேதியில் பார்த்தேன். நிலம் ___ வகையைச் சேர்ந்தது. இவ்விடத்தில் ___ பணி நடக்க இருப்பதால் கல்லுக்குச் சேதம் நேரக்கூடும். களஆய்வு செய்து பதிவு செய்யவும், பணியின்போது கல் பாதுகாக்கப்படவும் வேண்டுகிறேன். இணைப்பு: படங்கள், புல வரைபடம், அ-பதிவேட்டு விவரம்.”

ஆபத்து எதுவும் இல்லை என்றால் அந்த வரியை எடுத்துவிடுங்கள். இருந்தால் அதை விடக் கூடாது, மனு வேகம் பிடிப்பது அந்த வரியால்தான்.

நேரில் கொடுத்தால் உங்கள் நகலில் தேதி முத்திரை வாங்காமல் திரும்பாதீர்கள். ஆட்சியருக்கான நகலைத் திங்கட்கிழமை மக்கள் குறைதீர்க்கும் நாளில் கொடுத்தால் மனு எண் கிடைக்கும். தலைமையகத்துக்கு விரைவு அஞ்சலில் அனுப்பி ரசீதை மனுவோடு குத்தி வையுங்கள். வாயால் சொன்னதும் தொலைபேசியில் சொன்னதும் கணக்கில் வராது. பத்திரிகைக்குச் சொல்வதானால் மனு கொடுத்த பிறகு சொல்லுங்கள், அதிலும் சரியான இடத்தைச் சொல்லாமல்.

8. காசு, பொன், செம்புச் சிலை என்றால் வழியே வேறு

மண்ணுக்குள் புதைந்து கிடைத்த மதிப்புள்ள பொருளுக்கு 1878ஆம் ஆண்டின் இந்தியப் புதையல் சட்டம் பொருந்தும். 10 ரூபாய்க்கு மேல் மதிப்பிருந்தாலே ஆட்சியருக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும்: என்ன பொருள், சுமார் மதிப்பு, கிடைத்த இடம், கிடைத்த தேதி. பொருளை அரசுக் கருவூலத்தில் ஒப்படைக்க வேண்டும், அல்லது ஆட்சியர் கேட்கும்போது ஒப்படைப்பதற்குப் பிணை கொடுக்க வேண்டும். மறைத்தால் ஓராண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும்.

பலருக்குத் தெரியாத பகுதி இதற்கு அடுத்தது. ஆட்சியர் அறிவிப்பு வெளியிட்டு, 4 மாதத்துக்குக் குறையாமலும் 6 மாதத்துக்கு மேற்படாமலும் ஒரு நாள் குறித்து, உரிமை கோருகிறவர்களை விசாரிப்பார். உரிமையாளர் இல்லாத புதையல் என்று முடிவானால், வேறு உடன்பாடு இல்லாத நிலையில், கண்டெடுத்தவருக்கு நாலில் மூன்று பங்கும் நிலக்காரருக்கு நாலில் ஒரு பங்கும் சேரும். அரசே எடுத்துக்கொள்வதானால் பொருளின் உலோக மதிப்போடு ஐந்தில் ஒரு பங்கு கூட்டித் தரும். கண்டெடுத்தது கூலி வேலை செய்தவர் என்றால் அவர் பெயர்தான் அறிக்கையில் ஏற வேண்டும். நிலக்காரர், மேஸ்திரி பெயரில் எழுதிவிட்டுப் பிறகு மாற்றுவது பெரும்பாடு. வட்டாட்சியரும் கிராம நிர்வாக அலுவலரும் பொருளை எடுத்துப்போகும்போது எழுதும் மகஜரில் எண்ணிக்கையும் எடையும் சரியாக இருக்கிறதா என்று படித்துப் பார்த்துக் கையெழுத்திட்டு, நகல் கேட்டு வாங்குங்கள்.

நகைக்கடையில் காட்டி மாற்றுக் கேட்பதும், தேய்த்துப் பளபளப்பாக்குவதும் வேண்டாம். 100 ஆண்டைத் தாண்டிய கலைப்பொருளை உரிமம் இல்லாமல் விற்பதும் நாட்டுக்கு வெளியே அனுப்புவதும் 1972ஆம் ஆண்டுச் சட்டப்படி தனிக் குற்றம்.

9. செலவும், பதில் வராவிட்டால் செய்வதும்

தகவல் தெரிவிக்கக் கட்டணம் எதுவும் கிடையாது. வண்ண அச்சு, அஞ்சல், பேருந்து ஆகியவைதான் செலவு. ‘நான் படித்துக் காலம் சொல்கிறேன்’ என்று பணம் கேட்பவரிடம் கொடுக்காதீர்கள்.

மனு கொடுத்து ஒரு மாதம் பொறுங்கள். அகழாய்வு நடக்கும் மாதங்களில் அலுவலர்கள் களத்தில் இருப்பார்கள், ஆகவே தாமதம் எல்லாம் அலட்சியம் ஆகாது. அதன்பிறகு மனு எண்ணைக் குறிப்பிட்டு ஒரு நினைவூட்டல். அதற்கும் பதில் இல்லை என்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டினால் போதும், நகல் வேண்டுமானால் பக்கத்துக்கு 2 ரூபாய். 30 நாளில் பதில் தர வேண்டும், தராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு, அதற்குக் கட்டணம் இல்லை. “ஏன் வரவில்லை?” என்று கேட்காதீர்கள். “என் ___ தேதியிட்ட மனு மீது எடுத்த நடவடிக்கை, அது இப்போது எந்த அலுவலரிடம் உள்ளது, கோப்பு எண்” என்று கேளுங்கள். எனக்குக் கோப்பு நகர்ந்தது இந்தக் கேள்விக்குப் பிறகுதான்.

பணி இயந்திரம் வாசலில் நிற்கும் அவசரம் என்றால் இந்த வரிசை உதவாது. அன்றைக்கே வட்டாட்சியரை நேரில் பாருங்கள், 1100 என்ற முதல்வர் உதவி எண்ணிலும் பதிவு செய்யுங்கள்.

10. கிராம சபையில் தீர்மானம்

துறை வந்து படித்துப் போன பிறகும் கல் அதே ஓடையோரம்தான் நிற்கும். எல்லாக் கல்லையும் அருங்காட்சியகத்துக்குக் கொண்டுபோக முடியாது, கும்பிடும் கல்லைக் கொண்டுபோகவும் கூடாது. நிற்கும் இடத்திலேயே காக்க ஊராட்சியின் தீர்மானம் நல்ல பிடிமானம். ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 ஆகிய நாட்களில் கிராம சபை கூடும். ஒரு வாரம் முன்பே தலைவரிடமும் ஊராட்சிச் செயலரிடமும் எழுதிக் கொடுத்துப் பொருளில் சேர்க்கச் சொல்லுங்கள். தீர்மானத்தில் புல எண்ணும், “சாலை, வடிகால், தூர்வாரும் பணிகளின்போது இக்கல்லை நகர்த்தக் கூடாது” என்ற வரியும் இருக்க வேண்டும். நிறைவேறியதும் தீர்மான நகலை வாங்கி, வட்டார வளர்ச்சி அலுவலருக்கும் தொல்லியல் அலுவலருக்கும் அனுப்புங்கள். ஒரு நகல் ஊர்ப் பள்ளித் தலைமையாசிரியரிடம் இருக்கட்டும். அங்கே தொன்மைப் பாதுகாப்பு மன்றம் இருந்தால், ஆண்டுக்கு ஒருமுறை அதே இடத்திலிருந்து அதே கோணத்தில் கல்லைப் படமெடுத்து வைக்கும் பொறுப்பைப் பிள்ளைகளிடம் கொடுத்துவிடலாம்.